பனையால் அளந்த மலை

நயினாதீவிற் பிறந்த எமக்கு உயர்ந்த பொருள்கள் இரண்டே: ஒன்று நாகபூஷணி அம்மன் கோயிற் கோபுரம், மற்றது பனை. தீவகத்தில் மலையுமில்லை, குன்றுமில்லை. குடாநாட்டிற் கீரிமலை உண்டே எனின், அங்கே கேணியும் கடலும் உள. மலை பெயரில் மட்டுமே நிற்கின்றது.

இந்துக் கல்லூரியில் நான் சேர்ந்த ஆண்டிலே, பூமிசாஸ்திர ஆசிரியர் இலங்கைப் படத்தை விரித்து, நாட்டின் மிகவுயர்ந்த சிகரமாகிய பீதுருதாலகாலை 8281 அடி, அதாவது 2524 மீற்றர், என்றார். தீவுப் பிள்ளைகளின் முகத்தைப் பார்த்தவர் கணக்கை மாற்றினார். "எழுபதடிப் பனைகளை ஒன்றின்மேல் ஒன்றாக நிறுத்துங்கள், 118 பனை நிறுத்தினும் உச்சி எட்டாது." அன்றுதொட்டு மலைகளை நான் பனையாலேயே அளந்து வருகின்றேன். சிவனொளிபாதமலை 105 பனை. உயரத்திற் பின்னிற்பினும் புகழில் அதுவே முதலாவது. பின்னாளில் அதன்மேல் ஏறி நின்றபோது, விடியலில் மலையின் நிழல் முக்கோணமாய் மேற்கே நீண்டு கிடந்தது. தட்டையான ஊரில் அத்தகைய நிழல் ஏது!

எரிமலை எங்கே என்று நெடுந்தீவு மாணவன் ஒருவன் கேட்டான். இலங்கையில் இல்லை. பூமியோட்டின் தகடுகள் முட்டும் விளிம்புகளிலேயே பெரும்பாலான எரிமலைகள் எழுகின்றன. நமக்கு அண்மையிலுள்ள விளிம்பு சுமாத்திராவை அடுத்து ஓடுகின்றது. 1883 இல் வெடித்த கிரக்கத்தோவா அவ்வழியதே. அவ்விளிம்பு 2004 மார்கழி 26 இல் அசைந்தபோது வடமராட்சி கிழக்குப் பட்ட துயரை யாரே மறப்பர்?

மலைநாட்டுப் பாறை ஐம்பது கோடி ஆண்டுகளுக்கும் முந்தியது; வெப்பத்தாலும் அமுக்கத்தாலும் உருமாறியது. எம் காலடியிலுள்ள சுண்ணக்கல்லோ ஏறக்குறைய இரண்டு கோடி ஆண்டுகளுக்கு முன் கடலடியிற் படிந்தது. எனினும் அப்பழம் பாறை வவுனியாவோடு முடிந்துவிடவில்லை. வடக்கே தாழ்ந்து வந்து, இச்சுண்ணக்கல்லுக்கும் கீழே ஆழத்திற் கிடக்கின்றது. இது பாடநூலில் ஒரு வரி. எனக்கோ பெருஞ் செய்தி.

மலைநாட்டிற் பெருமழை சொரியும் சோளகம் எம்மிடம் கடலைக் கலக்கிச் செல்லும் வெறுங் காற்று. ஐப்பசி, கார்த்திகை மழையே எமக்கு உயிர். அதனைச் சுண்ணக்கல் உறிஞ்சி, உவர்நீரின்மேல் மெல்லிய நன்னீர்ப் படையாகத் தாங்குகின்றது. இயந்திரம் வைத்து மிஞ்சி இறைத்தால் கீழுள்ள உவர் மேலேறிவிடும். மறுபடி நன்னீராக எத்தனை மாரி வேண்டுமோ!

நுவரெலியாவிற்குச் சுற்றுலாப் புறப்படும் மாணவர்கள், அதற்கு முன் ஒருநாள் நெடுந்தீவின் கல்வேலிகளையும், அங்கே ஒரு நன்னீர்க் கிணற்றின் உட்சுவரையும் பார்த்து வருவது நன்று. குறிகட்டுவானிலிருந்து படகு உண்டு.