பிராகு நகரில் ஓர் அடுக்களைப் பாடம்

அயல்நாடு சென்று மீண்டோர் ஆங்குத் தாம் கண்ட கோட்டைகளையும் கோயில்களையும் விரித்துரைத்தல் வழக்கம். செக் நாட்டின் தலைநகராகிய பிராகு நகரில் அவற்றிற்குக் குறைவில்லை. 1357-ஆம் ஆண்டில் அடிக்கல் நாட்டப்பெற்ற சார்லஸ் பாலத்தின்மீது யாமும் நடந்தோம். ஜான் ஹஸ் என்னும் பெரியார் தம் மக்களுடைய மொழியிலேயே பிரசங்கித்த பெத்லகேம் ஆலயத்தின் வாயிலில், அவர் 1415-இல் எரியுண்டு மாண்டதை எண்ணிச் சிறிது நேரம் நின்றோம். ஆயினும், நம் கல்லூரி இதழுக்கு யாதேனும் எழுதித் தருக என்று பதிப்பாசிரியர் கேட்டபொழுது எம் நினைவில் முந்தி வந்து நின்றவை இவையல்ல. நான்காம் மாடியிலிருந்த ஒரு சிறிய அடுக்களையும், அதனுள் யாம் அடைந்த வெட்கமுமே வந்து நின்றன.

2019-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில், செர்மனி நாட்டுத் திரெஸ்டன் நகரில் உத்தியோகம் பார்க்கும் எம் மகனிடம் யாமும் எம் மனைவியாரும் தங்கியிருந்தோம். அங்கிருந்து பிராகு செல்ல ரயிலில் ஏறக்குறைய இரண்டரை மணி நேரமே ஆகும். பழைய செக் முறையில் சமையல் கற்பிக்கும் ஓர் அம்மையாரிடம் ஒருநாட் பாடத்திற்கு அவன் ஏற்பாடு செய்திருந்தான். "அது அம்மாவுக்காகச் செய்தது, அப்பா. தாங்கள் வேண்டுமானால் உடன் சென்று பாருங்கள்" என்றான். 31 ஆண்டுகள் கரும்பலகையின் முன் நின்று பாடம் சொன்ன எமக்கு அச்சொல் சற்றே உறுத்திற்று. பார்ப்பதற்கு மட்டும் செல்வானேன், நாமும் கற்போமே என்று கருதிக் கோடிட்ட குறிப்பேடு ஒன்றும் பென்சில் இரண்டும் வாங்கிக்கொண்டு புறப்பட்டோம். இவ்விடத்தில் ஒன்றை ஒளியாது கூறிவிடுதல் நன்று. இல்லற வாழ்வில் யாம் அடுக்களையுட் புகுந்த நாட்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அவற்றுள்ளும் பெரும்பாலானவை காப்பி ஆயிற்றா என்று கேட்கப் போந்த நாட்களே.

22-ஆம் எண் டிராம் வண்டியில் ஏறி அமைதிச் சதுக்கத்தில் இறங்கினோம். இரட்டைக் கோபுரங்களையுடைய புனித லுத்மிலா ஆலயம் அங்கே நிற்கின்றது. அதற்கு அப்பால் ஒரு தெருவில் அம்மையாரின் இல்லம். அவர் எழுபது வயதைக் கடந்தவர். தொழிற்சாலை ஒன்றன் உணவுச்சாலையில் நெடுங்காலம் சமைத்து ஓய்வு பெற்றவர். செக் மொழியன்றிப் பிறிதொன்றும் அறியார். கல்லூரியிற் பயிலும் அவருடைய பேர்த்தி ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து உதவினாள். எம் தொழிலைக் கேட்டறிந்தவுடன் அம்மையார் எம்மைப் "பனே புரொபெசொரெ" என்று அழைக்கத் தொடங்கினார். பேராசிரியர் ஐயா என்பது அதன் பொருள். முதலில் அது மரியாதையாகவே எம் செவியிற் பட்டது.

செக் நாட்டார் விருந்துக்கு உகந்ததெனப் போற்றுவது 'சுவிச்கோவா' என்னும் மாட்டிறைச்சி உணவு. இறைச்சியைக் கிழங்குகளோடு மெதுவாக வேகவைத்து, அக்கிழங்குகளையே மசித்துப் பாலேடு சேர்த்துக் குழம்பாக்குவர். எம் மனைவியார் மாட்டிறைச்சி உண்ணாராதலின், அதற்கு மாறாக வீடுகளில் எளிய நாட்களிற் சமைக்கும் உணவையே கற்பிப்பதென முன்னரே பேசப்பட்டிருந்தது. காளானும் உருளைக்கிழங்கும் சேர்ந்த சூப்பு, அவித்த முட்டையோடு கூடிய ஒரு வெண்குழம்பு, அதனோடு உண்ண 'கினெத்லீக்' ஆகிய மூன்றே அன்றைய பாடம்.

கினெத்லீக் என்பதைக் கொழுக்கட்டை என்று மொழிபெயர்த்தால் பாதியே பொருந்தும். அரைக் கிலோ கோதுமை மாவு, கால் லிட்டர் வெதுவெதுப்பான பால், ஒரு முட்டை, சிறிது ஈஸ்டு, உப்பு இவற்றைப் பிசைந்து, நேற்றைய ரொட்டியைச் சிறு சதுரங்களாக நறுக்கி அதனுட் கலப்பர். ஏறக்குறைய ஒரு மணி நேரம் பொங்கவிட்டு, முழங்கை நீளத்திற்குத் தடித்த உருளைகளாக உருட்டிக் கொதிநீரில் இட்டு மூடி வேகவைப்பர். நம் கொழுக்கட்டைபோல் உள்ளே பூரணம் இராது. வெந்த உருளையை வட்டமாக அறுத்துக் குழம்பில் தோய்த்து உண்பர். பழைய ரொட்டி வீணாகாதிருக்க இதனினும் நல்ல வழி யாம் கண்டதில்லை.

அந்நாட்டுக் கடைகளிற் கோதுமை மாவு நைசு, நடுத்தரம், பரும்பொடி என மூவகையாக விற்கப்படுகின்றது. கினெத்லீக்குக்கு உரியது பரும்பொடி. யாம் இம்மூன்றையும் குறிப்பேட்டில் வரிசையாக எழுதி அடிக்கோடிட்டுக்கொண்டிருந்தோம். எம் மனைவியாரோ சிறிது மாவை எடுத்துப் பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையே தேய்த்து, "மெல்லிய ரவை போலிருக்கிறது; மெதுவாகத்தான் ஈரம் வாங்கும்" என்றார். பேர்த்தி வாயிலாக அதனைக் கேட்ட அம்மையார் நிமிர்ந்து அவரை ஒருமுறை நோக்கினார். அதன்பின் அவர் பாடம் சொல்லியது பெரும்பாலும் அவருக்கே.

மாவைப் பிசையும்பொழுது பால் போதாதென்று அம்மையார் மேலும் வார்த்தார். எவ்வளவு என்று யாம் பென்சிலும் கையுமாக வினவினோம். அவர் தோளைக் குலுக்கி ஏதோ சொன்னார். பேர்த்தி திகைத்தாள். "அதை எப்படிச் சொல்வது? மாவு தனக்கென்று எவ்வளவு எடுத்துக்கொள்கிறதோ அவ்வளவு... இல்லை, அப்படிச் சொன்னால் விளங்காது" என்று அவள் ஆங்கிலத்தில் தடுமாறிக்கொண்டிருக்கையிலேயே, எம் மனைவியார் மாவிலிருந்து கண்ணை எடுக்காமல் தமிழில், "மாவு கேட்கிற அளவு என்கிறார்கள்" என்றார். அச்சொற்றொடரை எம் தாயார் வாயிலும் கேட்டிருக்கிறோம். அரிசி தண்ணீர் கேட்கும், உளுந்து தண்ணீர் கேட்கும் என்பது நம் வீடுகளில் நாள்தோறும் வழங்குவதே. அஃது ஓர் அளவையென்பது அன்றுவரை எமக்குத் தோன்றியதேயில்லை.

மாவு பொங்கும் இடைவேளையில் அலமாரியிலிருந்து பழுப்பேறிய நூலொன்றை எடுத்துக் காட்டினர். அது மக்தலேனா தொப்ரொமிலா ரெத்திகோவா என்னும் பெண்மணி எழுதி 1826-இல் முதன்முதல் வெளியான சமையல் நூலின் பிற்காலப் பதிப்பு. அக்காலத்தில் அந்நாட்டு நகரங்களிற் கற்றோர் மொழி செர்மன். செக் மொழி உழவர்க்கும் வேலைக்காரர்க்கும் உரியதெனத் தள்ளப்பட்டிருந்தது. ரெத்திகோவா தாமும் செர்மன் மொழியிலேயே வளர்ந்து, பின்னரே செக் மொழியைப் பயின்றவர். இளம்பெண்களுக்குச் சமையலும் வீட்டு நிர்வாகமும் கற்பித்து, அவற்றோடு செக் நூல்களையும் படிக்கத் தூண்டினார். புலவர் பாடிய பாட்டுக்கள் எட்டாத வீடுகளிலும் குழம்பு வைக்கும் முறை எட்டியது. 1845-இல் அவர் இறந்தார். நூல் மீண்டும் மீண்டும் அச்சேறிற்று. ஒரு மொழியைக் காத்தோர் வரிசையில் அடுப்பங்கரைக்கும் ஓர் இருக்கை இடுதல் வேண்டும் என்று குறிப்பேட்டில் எழுதினோம். எழுதியபொழுது எமக்கே அது மிக நன்றாயிருந்தது.

அம்மையார் வேறொன்றும் சொன்னார். 1948-இல் பொதுவுடைமைக் கட்சியினர் ஆட்சியைக் கைப்பற்றிய பின்னர், உணவுச்சாலைகளில் அரசாங்கம் அச்சிட்டுத் தந்த அளவுகளின்படியே சமைத்தல் வேண்டும். ஒவ்வொரு பொருளும் இத்தனை கிராம் என்று அதிற் குறித்திருக்கும். 1989-இல் அவ்வாட்சி வீழும்வரை தாமும் அவ்வாறே நிறுத்துப் போட்டதாகக் கூறி, "தராசில் நிறுத்தது பரிசோதகருக்கு, கையால் அளந்தது வீட்டுக்கு" என்று நகைத்தார். இரண்டும் அறிந்தவர் அவர். எம் குறிப்பேட்டையும் ஒரு பரிசோதகரின் ஏடாகவே அவர் கருதினார் போலும்.

சூப்புக்குரிய காளான்கள் அவரே காட்டிற் பொறுக்கி உலர்த்திக் கண்ணாடிச் சாடியில் வைத்திருந்தவை. இலையுதிர் காலத்திற் கூடையோடு காளான் தேடிக் காட்டிற்குச் செல்லுதல் அந்நாட்டார்க்குப் பெரியதொரு பொழுதுபோக்கு. அச்சூப்பில் மிளகைப்போல் உருண்டு அதனினும் பருத்த ஒரு மணியை இட்டனர். அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தமையால் செக் மொழியில் அதன் பெயர் 'புதிய மசாலை' என்பதே. வந்து எத்தனையோ தலைமுறை ஆகியும் அது புதியதாகவே இருக்கின்றது. அதே கண்டத்திலிருந்து வந்த காய்க்கு, நாம் முன்பே அறிந்த மிளகின் பெயரைச் சூட்டி மிளகாய் என்று நம் வீட்டுப் பிள்ளையாக்கிக் கொண்டோமே என்று எண்ணினோம். வெண்குழம்பிற்கு ஒரு நுண்ணிலைக் கீரையை அரிந்தபொழுது, எம் மனைவியார் அதனை முகர்ந்து வியந்து, "இது சதகுப்பை அல்லவா!" என்றார். பிள்ளை பெற்றவளுக்கு இடிக்கும் மருந்தில் அதன் விதை சேரும் என்பதை அவர் கைச்சாடையாலேயே விளக்க, அம்மையாரும் தம் வயிற்றைத் தொட்டுத் தலையசைத்தார். பேர்த்தி வாளா இருந்தாள். மொழிபெயர்ப்புக்கு அங்கே வேலையில்லாமற் போயிற்று.

இனி எம் வெட்கத்திற்கு வருவோம். எமக்கு ஒன்று, மனைவியாருக்கு ஒன்று, அம்மையாருக்கு ஒன்றாக மூன்று உருளைகள் கொதிநீரில் இறங்கின. பத்து நிமிடத்தில் ஒருமுறை புரட்டி, மேலும் பத்து நிமிடம் வேகவிட்டு வெளியே எடுத்தோம். எடுத்த கணத்திலேயே முட்கரண்டியாற் பலவிடத்துங் குத்துதல் வேண்டும். உள்ளிருக்கும் ஆவி வெளியேறாவிடின் உருளை அமுங்கிப்போம். இவ்விதியை அம்மையார் இருமுறை கூறினார். யாம் அதனை எண்ணிட்டு, "உடனே குத்துக, காரணம் ஆவி" என்று எழுதத் தொடங்கினோம். எழுதி முடித்து, முற்றுப்புள்ளியும் இட்டுத் தலை நிமிர்ந்தபொழுது, மற்றை இரண்டும் பஞ்சுபோல் நின்றன. எம்முடையது மட்டும் மழையில் நனைந்த தலையணைபோல் சுருங்கித் தோல் தடித்துக் கிடந்தது.

"பனே புரொபெசொரெ!" என்றார் அம்மையார். இம்முறை அதில் மரியாதை எவ்வளவு என்று அளந்து சொல்லுதல் அரிது.

"அந்த நோட்டைக் கீழே வைத்துவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு வாருங்கள்" என்றார் எம் மனைவியார். எம்மை அவர் அதுகாறும் அவ்வாறு பணித்ததில்லை. யாமும் மறுமொழியின்றிப் பணிந்தோம்.

கினெத்லீக்கைக் கத்தியால் அறுத்தால் நசுங்கும். ஆதலின் அடியில் நூலொன்றைச் செலுத்தி, இருமுனைகளையும் மேலே குறுக்காக மாற்றி இழுத்து அறுக்கின்றனர். எம் மனைவியார் முதல் இழுப்பிலேயே சீராக அறுத்தார். யாம் மூன்றாம் இழுப்பில் ஒருவாறு தேறினோம். சுருங்கிப்போன எம் உருளையை எறிந்துவிடுவார் என்று எண்ணியிருக்க, அம்மையார் அதனைத் துண்டுகளாக்கி, வாணலியில் வெண்ணெய் இட்டுச் சிவக்க வறுத்து, மேலே இரண்டு முட்டைகளை உடைத்து ஊற்றினார். எஞ்சிய கினெத்லீக்கை மறுநாள் அவ்வாறு உண்பது அந்நாட்டு வழக்கமாம். ஊறுகாய் வெள்ளரியோடு அத்தட்டை எம்முன் வைத்தார். எம் மனைவியார் அதிற் பாதியை எடுத்துக்கொண்டு, உண்மையில் இதுவே நன்றாயிருக்கிறது என்றார். எம் மனம் நோகாதிருக்கச் சொன்னாரோ, அறியோம்.

விடைபெறுங்கால் அம்மையார் எம் மனைவியாரின் இரு கைகளையும் திருப்பி உள்ளங்கைகளைப் பார்த்துவிட்டுத் தழுவிக்கொண்டார். எமக்குக் கைகுலுக்கல் கிடைத்தது.

மீளும் டிராமிற் சிறிது தூரம் பேசாதிருந்தோம். பின்னர், வீட்டில் ஞாயிறுதோறும் ஆப்பத்திற்கு அரைக்கும் மாவு பொங்கிவிட்டதென்று எங்ஙனம் அறிவாய் என்று கேட்டோம். அவர் சன்னலை நோக்கியபடியே, "இத்தனை வருஷத்தில் இதைக் கேட்கிறது இதுதான் முதல் தடவை" என்றார். கோபமாகச் சொல்லவில்லை, கணக்குச் சொல்வதுபோலச் சொன்னார். யாம் குறிப்பேட்டை எடுக்கவில்லை. அவர் அரிசியைப் பொறுக்குவதிலிருந்து தொடங்கினார். எந்த அரிசி, எத்தனை முறை களைவது, எப்பொழுது ஊறவைப்பது, அவருடைய தாயார் தேங்காய்த் தண்ணீரை எவ்வளவு புளிக்கவிடுவார் என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்தார். வண்டி தேசிய நாடகசாலையைக் கடந்து ஆற்றுப் பாலத்தின்மேல் ஏறிற்று. அவர் இன்னும் ஆட்டுக்கல்லுக்கு வந்து சேரவில்லை.