சர்வர் சுந்தரத்தின் அம்மா

ராஜபாளையத்தில் ஏறிய விருதுநகர் பஸ் ஸ்ரீவில்லிபுத்தூரைத் தாண்டும்போது டி.வி.யில் ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990). கண்ணில் பட்டதையெல்லாம் சுருட்டும் அந்தப் பாட்டி வந்ததும், பால்கோவா பொட்டலத்தைப் பிரித்தவர்கள்கூட வாயில் போடாமல் சிரித்தார்கள். அவர் இந்தப் பக்கத்து மனுஷிதான், தெரியுமோ? எஸ்.என்.லட்சுமி. விருதுநகர் அருகே செந்நெல்குடி.

ஆரம்பத்தைக் கேளுங்கள். 1948, ஜெமினி வாசனின் ‘சந்திரலேகா’. அந்தப் பிரமாண்டமான முரசு நடனத்தில் ஆடிய நூற்றுக்கணக்கானவர்களில் இவரும் ஒருத்தர். கலைவாணர் என்.எஸ்.கே.யின் நாடகக் குழுவிலும் இருந்தார். பெரிதாகப் பேர் வாங்கித் தந்தது 1964-ல் வந்த ‘சர்வர் சுந்தரம்’. நாகேஷுக்கு அம்மா. நாகேஷுக்கு அப்போது முப்பதுதான். அம்மாவுக்கு நாற்பதுகூட ஆகவில்லை! நடனக்காரியாக வந்தவரை அதற்கப்புறம் யாரும் இளமையாக யோசித்துப் பார்த்ததாகவே எனக்குத் தெரியவில்லை. (கொஞ்சம் கோபம்தான்.) ‘தேவர் மகன்’, ‘மகாநதி’, டி.வி.யில் ‘தென்றல்’ சீரியல் என்று, 2012 பிப்ரவரியில் காலமாகும் வரை நமக்கு அவர் அம்மா, இல்லாவிட்டால் பாட்டி.

‘சந்திரலேகா’ எங்காவது ஓடினால் அந்த நடனத்தை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். நான் மூன்று தடவை பார்த்துவிட்டேன். அத்தனை முகங்களில் லட்சுமி அகப்படவில்லை.