96 வயதுக் காதலி

வெள்ளி, இரவு

சாப்பிட்ட கையோடு 'வாட் வி டூ இன் த ஷேடோஸ்' பார்த்தேன். டைக்கா வைட்டிட்டியும் ஜெமைன் கிளெமென்ட்டும் எழுதி, இயக்கி, நடித்து 2014இல் வந்த நியூசிலாந்துப் படம். வெலிங்டனில் ஒரே வீட்டில் குடியிருக்கும் ரத்தக் காட்டேரிகளை ஓர் ஆவணப்படக் குழு கூடவே சுற்றிப் படம்பிடிக்கிறது.

முதல் சண்டையே பாத்திரம் கழுவுவதில்தான். ஐந்து வருடமாக ஒருவன் தன் முறையைத் தட்டிக்கழிக்கிறான். ரத்தக்கறையோடு பாத்திரங்கள் குவிந்து கிடக்கின்றன. சாவே இல்லாதவனுக்கு 'நாளைக்குப் பார்த்துக்கலாம்' என்பது எவ்வளவு வசதி! கண்ணாடியில் முகம் தெரியாது என்பதால், உடுப்பு பொருந்தியிருக்கிறதா என்று ஒருவரையொருவர் வரைந்து காட்டிக்கொள்கிறார்கள். அழைக்காத இடத்துக்குள் காட்டேரி நுழைய முடியாதாம். அதனால் கிளப் வாசலில் நிற்கும் காவலாளியிடம் "உள்ளே வாங்கன்னு சொல்லுங்க" என்று கெஞ்ச வேண்டியிருக்கிறது.

சனி, காலை

சிரித்ததெல்லாம் போக, அந்த வீட்டுக் காட்டேரிகளில் ஒருவனான வியாகோ மட்டும் மனதில் நிற்கிறான். வயது 379. கேத்தரின் என்ற பெண்ணைத் தேடி ஐரோப்பாவிலிருந்து சவப்பெட்டியில் படுத்தபடி நியூசிலாந்துக்குக் கிளம்பியவன். வேலைக்காரன் பிலிப் தபால் கட்டணத்தைத் தப்பாகக் கட்டிவிட, பெட்டி வந்து சேர ஒன்றரை வருடம் ஆகிவிட்டது. அதற்குள் அவளுக்கு வேறொருவனோடு கல்யாணம் முடிந்திருந்தது.

அவள் தந்த வெள்ளி லாக்கெட் இன்னும் அவனிடம் இருக்கிறது. காட்டேரிக்கு வெள்ளி ஆகாது, போட்டுக்கொண்டால் சுடும். ஆனாலும் போட்டுப் பார்க்கிறான். இப்போது அவள் ஒரு முதியோர் இல்லத்தில். ராத்திரியில் போய் ஜன்னல் வழியே பார்த்துவிட்டு வருகிறான்.

சனி, மாலை

காட்டேரிக் காதல் என்றாலே இளமைக் காதல் என்று பழக்கிவிட்டார்கள். ஸ்டெபனி மேயரின் 'ட்வைலைட்' வரிசையில் காட்டேரி எட்வர்டுக்கு என்றும் 17. அவன் காதலி பெல்லாவுக்கு 18 பிறக்கிற நாள், அவளுக்கு இழவு வீடு மாதிரி இருக்கிறது. காதலனைவிட மூப்பாகிவிட்டோமாம்! சாகாவரத்தைச் சுருக்கம் விழாத முகத்துக்கான அழகுக் குறிப்பாக்கிவிட்ட கதை அது. பெல்லாவின் கவலையோடு என்னால் ஒட்ட முடியவில்லை.

ஞாயிறு

'ஷேடோஸ்' முடிவில் வியாகோ, இப்போது 96 வயதுப் பாட்டியாகிவிட்ட கேத்தரினைக் கடித்துத் தன் இனத்தில் சேர்த்துக்கொள்கிறான். ஜோடியாகக் கேமரா முன் உட்கார்ந்து, தங்கள் வயது வித்தியாசம் சிலருக்கு உறுத்தும் என்கிறான். உறுத்தாதா, அவன் அவளைவிட நாலு மடங்கு மூத்தவனாயிற்றே! கணக்கும் கிட்டத்தட்டச் சரி. இனி அவள் எப்போதும் 96தான். மூட்டுவலியும் சாகாவரம் பெற்றுவிடுமோ என்று எனக்குள் ஒரு கவலை. அவனுக்கு அது ஒரு பொருட்டாகவே தெரியவில்லை. இளமை தீர்ந்த பிறகும் ஆளை அதே ஆளாகப் பார்க்கிறான்.

ஒரு குறை எனக்கு உண்டு. கிழவனாகிவிட்ட பிலிப்பை வியாகோ கணினியில் அழைத்துப் பேசுகிறான். தன்னையும் காட்டேரியாக்குவதாகச் சொன்னாயே என்று பிலிப் கேட்க, பேச்சை மாற்றிவிடுகிறான். காதலிக்குக் கிடைத்தது, உழைத்தவனுக்குக் கிடைக்கவில்லை. எத்தனை நூற்றாண்டு வாழ்ந்தாலும் முதலாளி முதலாளிதான்.

இருந்தாலும் 'ட்வைலைட்' ஐந்து படங்களில் சொல்லாத காதலை, ஒன்றரை மணி நேரம்கூட ஓடாத இந்தக் கேலிப் படம் சொல்லிவிட்டது.