அடமானம் போன அந்தோணியார் தாடை

நகைக்கடன் கொடுக்கும்போது நாங்கள் பார்ப்பது ஒன்றே ஒன்றுதான்: வித்தால் என்ன தேறும்? இந்தக் கணக்குக்கு அடங்காத ஒரு அடமானம் இத்தாலியில் நடந்திருக்கிறது.

நம்ம உவரியிலும் புளியம்பட்டியிலும் கூட்டம் அலைமோதுமே, அதே கோடி அற்புதர் அந்தோணியார்தான். லிஸ்பனில் பிறந்தவர். 1231 ஜூன் 13-இல் பதுவை நகருக்கு வெளியே இறந்தார். உடனே, உடல் யாருக்கு என்று சண்டை. உயிர் பிரிந்த இடத்துக் கன்னியர் மடம் தர மறுத்தது. கடைசியில் நகருக்குள் கொண்டுவந்து அடக்கம் செய்த நாள் செவ்வாய்க்கிழமை. அந்தோணியாருக்கு ஏன் செவ்வாய் என்று இப்போது தெரிகிறதா? :-)

ஒரு வருஷம் முடிவதற்குள் புனிதர் பட்டம். 1263-இல் புதுக் கோயிலுக்கு மாற்றக் கல்லறையைத் திறந்தபோது, எல்லாம் மக்கியிருக்க நாக்கு மட்டும் அழியாமல் இருந்ததாம். ஊரையே கட்டிப்போட்ட பிரசங்கியாயிற்றே! அதைத் தனிப் பேழையில் வைத்தார்கள். தாடை எலும்புக்கு 14-ஆம் நூற்றாண்டில் இன்னொரு பேழை வந்தது.

1991 அக்டோபரில் துப்பாக்கியோடு கோயிலுக்குள் புகுந்த கும்பல் அந்தத் தாடையைத் தூக்கிக்கொண்டு போனது. அனுப்பியவன் ஃபெலிச்சே மணியேரோ என்ற தாதா. பேழையை விற்றுக் காசு பார்ப்பது அவன் எண்ணமில்லை. சிறையிலிருந்த தன் உறவினனுக்காக அரசாங்கத்திடம் பேரம் பேச அது ஒரு பிடி. அவன் குறி வைத்ததென்னவோ நாக்குக்கு. ஆட்கள் தாடையோடு வந்து நின்றார்கள். 71 நாள் கழித்து, டிசம்பரில், ரோம் விமான நிலையத்துக்குப் பக்கத்தில் அது கிடைத்தது. தொலைந்ததைக் கண்டுபிடித்துத் தருபவர் என்று பெயரெடுத்தவர், தன்னுடையதை மட்டும் விடுவாரா!

பழைய எலும்புக்குச் சந்தையில் என்ன விலை? என் கணக்கில் பூஜ்யம். ஆனால் அந்தத் திருடன் என்னைவிட நல்ல மதிப்பீட்டாளன். ஒரு ஊரே 700 வருஷத்துக்கு மேல் விடாமல் வைத்திருக்கும் பொருளைத் தேடிக்கொண்டு ஆள் வரும் என்று அவனுக்குத் தெரிந்திருக்கிறது.

கவுண்டரிலும் இதைப் பார்க்கிறேன். கனமான புதுச் சங்கிலியை ஏலத்துக்கு விட்டுவிடுகிறவர்கள், பாட்டியின் முக்கால் பவுன் தோட்டுக்கு வட்டி மேல் வட்டி கட்டி மீட்டுப்போகிறார்கள். ஊரைவிட்டு வந்தவர்கள் வீட்டு பீரோவில் அப்படி ஏதாவது ஒன்று கட்டாயம் இருக்கும். அதற்கு மட்டும் என்னிடம் விலை கேட்காதீர்கள்.