ரெண்டு நிலா ஊருக்கு ஒரு பஞ்சாங்கம்

வானத்துல ரெண்டு நிலா இருக்கிற ஊர்ல ஆடிப்பட்டம் எப்ப வரும்? நிலா எத்தனை இருந்தாலும் பட்டம் மாறாதுங்க. மழையும் வெயிலும் சூரியனைப் பார்த்து வருது.

இதை யோசிக்க வச்சது என் தங்கச்சி மக. மாயாஜாலக் கதை ஒண்ணு எழுதிட்டு இருக்கா. அவ உலகத்துல வருசத்துக்கு 400 நாள். சின்ன நிலாவுக்கு 20 நாளுக்கு ஒரு பௌர்ணமி, பெரிய நிலாவுக்கு 40 நாளுக்கு ஒண்ணு. எல்லாம் மீதியில்லாம வகுபடுது. "மாமா, அந்த ஊர்க்காரங்க இதை வச்சு வெள்ளாமை செய்ய முடியுமா?"ன்னு கேட்டா. "கண்ணு, கணக்கு ரொம்ப சுத்தமா இருக்கு, நெசமான வானம் இப்படி இருக்காது"ன்னேன்.

நம்ம நிலாவையே எடுத்துக்கங்க. பௌர்ணமிக்குப் பௌர்ணமி சுமார் 29½ நாள். 12 மாசம் சேர்ந்தா 354 நாள்தான். வருசத்துக்கு 11 நாள் துண்டு விழுது. அந்த 11 நாளை என்ன செய்யறதுங்கிறதுதான் காலண்டர் போடறவங்க பாடே. முஸ்லிம்கள் அதை ஈடுகட்டாம விட்டதால ரம்ஜான் நோன்பு வருசா வருசம் முன்னாடி நகர்ந்து வருது. தெலுங்குக்காரங்க மூணு வருசத்துக்கு ஒருக்கா போல ஒரு அதிக மாசத்தைச் செருகிச் சரிக்கட்டுறாங்க. நம்ம ஆளுங்க மாசத்தையே சூரியன்கிட்ட ஒப்படைச்சுட்டாங்க. சூரியன் ராசி மாறினா மாசம் பிறக்குது. அதனாலதான் ஆனி 32 நாள் வரைக்கும் இழுக்குது, மார்கழி 29, 30-ல முடிஞ்சிடுது. நிலாவுக்குத் திதியும் நோம்பியும் போதும்னு விட்டுட்டாங்க. விவசாயிக்கு இது நல்ல ஏற்பாடு.

அப்படியும் சண்டை ஓயல. 2023-ல சனிப்பெயர்ச்சி திருக்கணிதப்படி ஜனவரி 17, வாக்கியப்படி டிசம்பர் 20. ஒரே வானம், ஒரே சனி, பதினோரு மாசம் வித்தியாசம்! பரிகாரம் செய்யறவங்க ரெண்டு தடவை செலவு பண்ணினதுதான் மிச்சம்.

செவ்வாய் கிரகத்துக்கு நெசமாவே ரெண்டு நிலா உண்டு. போபோஸ் எட்டு மணி நேரத்துக்குள்ள ஒரு சுத்து முடிச்சிடும், அங்க நிக்கிறவனுக்கு அது மேற்கே உதிச்சுக் கிழக்கே மறையும். டீமோஸ் சுத்தறதுக்கு 30 மணி நேரம். இதுகளை வச்சு வாரம்கூட எண்ண முடியாது.

அதனால அவகிட்ட 20, 40-ஐ எடுத்துட்டு 17, 41-னு வைக்கச் சொன்னேன். இப்ப பாருங்க, ரெண்டு நிலாவும் ஒரே ராத்திரி பௌர்ணமி ஆகணும்னா 697 நாள் ஆகும். ரெண்டு வருசத்துக்கு 103 நாள் குறைவு. அந்தத் திருவிழா ஒரு தடவை அறுப்புல வரும், அடுத்த தடவை அதுக்கு 103 நாள் முந்தின பருவத்துல வரும். களத்துல நெல்லு கிடக்கிறப்பத் தேர் இழுக்கக் கூப்பிட்டா யார் போவா? ஊர்ல ரெண்டு கட்சி ஆகிடும். ரெண்டு திருவிழாவுக்கு நட்டநடுவுல ரெண்டு நிலாவுக்கும் சேர்த்து ஒரு அமாவாசை வரும், அது கும்மிருட்டு. ராத்திரி மும்முனை கரண்டு வந்து மோட்டார் போடப் போறவனுக்குத்தான் அந்த இருட்டோட அருமை தெரியும்.

பூச்சியை யாரும் யோசிக்கிறதில்ல. வயல்ல விளக்குப்பொறி வச்சவங்களுக்குத் தெரியும், பௌர்ணமி ராத்திரியில அந்துப்பூச்சி அவ்வளவா விழாது, நிலா வெளிச்சத்துல நம்ம விளக்கு எடுபடாது. ரெண்டு நிலா இருந்தா பாதி ராத்திரிக்கு மேல ஏதாவது ஒரு வெளிச்சம் இருந்துட்டே இருக்கும். அந்த ஊர் விவசாயி வேற வழிதான் பார்க்கணும்.

பணம்னு வந்தா இன்னும் மோசம். 400 நாள் வருசத்துல 41 நாள் மாசம் ஒன்பது முழுசா வரும், 17 நாள் மாசம் இருபத்திமூணு வரும். பண்ணையத்துல சம்பளம் கொடுக்கிறவர் பெரிய நிலாவைப் பிடிச்சுக்குவார். வட்டிக்கு விட்டவர் சின்ன நிலாவை விடவே மாட்டார். கூலிக்காரன் வருசத்துக்கு ஒன்பது தடவை வாங்கி இருபத்திமூணு தடவை கட்டணும். மாசம் எவ்வளவு வட்டின்னு மட்டும் பேசி, எந்த நிலா மாசம்னு கேட்காம கைநாட்டு வச்சவன் நிலத்தை எழுதிக் கொடுக்க வேண்டியதுதான்.

அவ கதையில ராஜா இருக்கார், மந்திரவாதி இருக்கார், பேசுற கழுகு ஒண்ணு இருக்கு. வட்டிக்காரர் இல்ல. சேர்க்கச் சொல்லியிருக்கேன்.