காலனை வீழ்த்திய கதையும் ஒரு மாணவனின் கேள்வியும்

ஆசிரிய நண்பர்களுடனும் பெற்றோருடனும் காலத்தைப் பற்றிச் சில செய்திகளைப் பகிர்ந்துகொள்ள விழைகிறேன். காலம் என்றதும் இலக்கணப் பாடத்தில் வரும் மூன்று காலங்களே ஆசிரியர்களாகிய நம் நினைவுக்கு வரும். ஆனால், நம் முன்னோர் காலத்தைத் தெய்வமாகவும் கண்டனர் என்பதையும் சேர்த்துச் சொன்னால் மாணவர்கள் நிமிர்ந்து உட்கார்ந்து கேட்கின்றனர்.

உயர்திணைப் பொருளைக் குறித்தாலும் அஃறிணை முடிபைக் கொள்ளும் சொற்கள் சிலவற்றைத் தொல்காப்பியர் கிளவியாக்கத்தில் தொகுத்துக் கூறுகிறார். உலகம், உயிர், ஞாயிறு, திங்கள் முதலியன அத்தொகுதியில் உள்ளன. அவற்றுக்கெல்லாம் முன்னே நிற்கும் சொல் 'காலம்'. அச்சொல் காலக்கடவுளைக் குறிக்கும் என உரை கூறுவர். இன்றும் நாம் 'காலன் வந்தான்' என்கிறோம். 'காலம் வந்தது' என்கிறோம். ஒன்றற்கு முகம் உண்டு, மற்றொன்றற்கு இல்லை.

அக்கடவுளின் கணக்கு மிகப் பெரியது. கலியுகத்திற்கு 4,32,000 ஆண்டுகள். துவாபரம் அதைப் போல் இரு மடங்கு, திரேதம் மும்மடங்கு, கிருதம் நான்கு மடங்கு. நான்கும் சேர்ந்தால் 43,20,000 ஆண்டுகள். மாணவர்கள் இதனைப் பெருக்கல் கணக்காகவே செய்து பார்க்கலாம். இத்தகைய சுழற்சிக் கணக்கு நமக்கு மட்டும் உரியதன்று. நடு அமெரிக்காவின் மாயன் மக்களும் ஏறத்தாழ 5,125 ஆண்டுகள் கொண்ட ஒரு சுற்றினைக் கணித்திருந்தனர். அச்சுற்று 2012 திசம்பரில் முடிந்தபோது உலகமே அழியும் என்று பலர் அஞ்சினர். ஒன்றும் நேரவில்லை; மறுநாளும் பொழுது விடிந்தது.

நம் இல்லங்களுக்கு நெருக்கமான சுற்று அறுபது ஆண்டுகளைக் கொண்டது. பிரபவ முதல் அட்சய வரையிலான அறுபது பெயர்களும் முடிந்த பின், ஒருவர் பிறந்த ஆண்டின் பெயர் மீண்டும் வரும். வியாழன் சூரியனைச் சுற்றிவர ஏறத்தாழ 12 ஆண்டுகளும் சனி ஏறத்தாழ 30 ஆண்டுகளும் எடுத்துக்கொள்கின்றன. ஆகவே, அறுபது ஆண்டுகளில் வியாழன் ஐந்து சுற்றும் சனி இரண்டு சுற்றும் முடித்துவிடும். தாத்தா பாட்டியின் மணிவிழாவிற்குப் பின்னால் இப்படியொரு வானியல் கணக்கு உண்டு என்று கூறினால் பிள்ளைகள் வியக்கின்றனர்.

மணிவிழா என்றதும் மயிலாடுதுறை மாவட்டத்துத் திருக்கடையூர் நினைவுக்கு வரும். அட்டவீரட்டானத் தலங்கள் எட்டனுள் அதுவும் ஒன்று. பதினாறு வயதில் உயிர் பிரியும் என்று விதிக்கப்பட்ட மார்க்கண்டேயன் சிவலிங்கத்தைத் தழுவிக்கொண்டான். பாசக்கயிறு வீசிய காலனை இறைவன் காலால் உதைத்து வீழ்த்தினார் என்பது அத்தலத்தின் வரலாறு. அங்கே இறைவனுக்குக் காலசம்ஹாரமூர்த்தி என்று பெயர்.

இக்கதையை ஒருநாள் ஐந்தாம் ஆண்டு மாணவர்களுக்குக் கூறினேன். கதை முடிந்ததும் பின்வரிசையிலிருந்து ஒரு மாணவன் கையை உயர்த்தினான். அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் அவனுடைய பாட்டி காலமாகியிருந்தார். கூடை சுமந்து தேயிலைக் கொழுந்து கிள்ளிய தலைமுறையைச் சேர்ந்தவர் அவர்.

"டீச்சர், எங்க பாட்டியும் தினமும் சாமி கும்பிட்டாங்க. அவங்களுக்கு மட்டும் ஏன் சாமி வரல?"

வகுப்பு அமைதியாயிற்று. 'அது விதி' என்று கூறியிருக்கலாம். 'பாட்டி சாமியிடம் போய்விட்டார்' என்றும் கூறியிருக்கலாம். அவன் கேட்டதோ நியாயம். நியாயம் கேட்கும் பிள்ளைக்கு ஆறுதல் மட்டும் போதாது என்று தோன்றியது. ஆகவே, பெரும்பாலும் நாம் கூறாமல் விட்டுவிடும் பிற்பகுதியைக் கூறினேன். காலன் வீழ்ந்த பிறகு உலகில் ஒருவரும் இறக்கவில்லை. பிறப்பு மட்டும் தொடர்ந்தது. பாரம் தாங்காத பூமித்தாய் இறைவனிடம் முறையிட, இறைவன் காலனை மீண்டும் எழுப்பினார். மார்க்கண்டேயனைக் காத்த இறைவனே காலனுக்கும் உயிர் கொடுத்தார்.

பிறகு கரும்பலகையில் 'இறந்தகாலம்' என்று எழுதினேன். 'இறத்தல்' என்பதற்குக் கடத்தல் என்பதே பழைய பொருள். இறந்தகாலம் என்றால் கடந்து சென்ற காலம். 'பாட்டி இறந்தார்' என்னும்போது அவர் கடந்து சென்றார் என்றே நம் மொழி கூறுகிறது. அவன் தலையாட்டினான். முழுமையாக ஏற்றுக்கொண்டானா என்று என்னால் கூற இயலாது.

அடுத்த பாடவேளையில், "காலத்திற்கு நீங்களே ஒரு தெய்வத்தைப் படையுங்கள்" என்று வரைதாளைக் கொடுத்தேன். ஒரு மாணவி மூன்று முகங்கள் வரைந்தாள். பின்னோக்கிய முகத்திற்குக் கண்களை மூடிவிட்டாள். இன்னொருவன் தன் தெய்வத்தின் கையில் கைப்பேசியைக் கொடுத்தான். பாட்டியை இழந்த மாணவன் முதுகில் கூடை சுமந்த ஒரு மூதாட்டியை வரைந்தான். "இவங்க கொழுந்தை மட்டும்தான் கிள்ளுவாங்க, செடியைப் பிடுங்க மாட்டாங்க, டீச்சர். திரும்பத் துளிர்க்கும்," என்றான்.

தானா ராத்தாவில் கோடையும் இல்லை, பனிக்காலமும் இல்லை. ஆண்டு முழுவதும் குளிரும் மழையும் மாறி மாறி வரும். இம்மலைப் பிள்ளைகளுக்குச் சுழற்சி என்பது பருவங்களில் இல்லை. கிள்ளக் கிள்ளத் துளிர்க்கும் தேயிலையில்தான் இருக்கிறது. பாடநூலில் இல்லாத அந்த உவமையை அவன் தன் வீட்டிலிருந்தே கொண்டுவந்தான்.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். வீட்டில் இறப்பு நேரும்போது பிள்ளைகளை விலக்கிவைத்து, "உனக்கு ஒன்றும் தெரியாது, போ" என்று கூறாதீர்கள். அவர்கள் கேள்விகளைச் சேர்த்துவைத்துக்கொண்டே இருக்கின்றனர். ஆசிரியர்களுக்கும் ஒன்று கூறுவேன். புராணக் கதையை வகுப்பில் கூறினால் இறுதிவரை கூறுங்கள். காலனை வீழ்த்தியதோடு நிறுத்திவிட்டால் அது வெற்றிக் கதை மட்டுமே. அவனை மீண்டும் எழுப்பிய பகுதியையும் கூறினால்தான் அன்புக்குரிய ஒருவரை இழந்த பிள்ளைக்கும் அக்கதையில் இடம் கிடைக்கும்.

அப்படம் இன்றும் எங்கள் வகுப்பறைச் சுவரில் உள்ளது.