பமீலா ஏன் வீட்டுக்குப் போகவில்லை?

எச். டி. கார்ல்டனின் 'ஹாண்டிங் அடலைன்' 2021இல் வந்தது. கதாநாயகியை ஒளிந்து பின்தொடர்பவன்தான் கதாநாயகன். வீடு புகுகிறான், மிரட்டுகிறான், அத்துமீறுகிறான். ஆனாலும் அது காதல் கதை; 'டார்க் ரொமான்ஸ்' என்று அந்த வகைக்கே பெயர். இப்படிப்பட்டவனுக்கு முதலில் மாலை போட்டுவிட்டது யார் என்று அறிய, காலத்தில் பின்னோக்கி வாசித்துக்கொண்டே போனேன்.

1972இல் கேத்லீன் வுடிவிஸ் எழுதிய 'தி ஃப்ளேம் அண்ட் தி ஃப்ளவர்': பலாத்காரம் செய்தவனே கணவனாகிறான். 1919இல் இ. எம். ஹல் எழுதிய 'தி ஷேக்': பாலைவனத்தில் கடத்திப்போனவன் மீதே காதல். 1847இல் எமிலி பிராண்டே எழுதிய நாவலின் ஹீத்கிளிஃபைப் பலரும் இந்த வம்சத்தின் பாட்டன் என்பார்கள். எனக்கு உடன்பாடில்லை. அவனை நம்பி மணந்த இசபெல்லா உயிர் பிழைக்க ஓடுகிறாள். பிராண்டே எதையும் பூசி மெழுகவில்லை.

லண்டனில் அச்சகம் நடத்திய சாமுவேல் ரிச்சர்ட்சனிடம் வந்தபோதுதான் நூல்முனை அகப்பட்டது. புத்தக வியாபாரிகள் அவரிடம் கேட்டது மாதிரிக் கடிதங்களின் தொகுப்பு. அதில் ஓர் அப்பா, தன் மகள் வேலை செய்யும் வீட்டில் எஜமானன் அவளிடம் தவறாக நடக்க முயன்றதைக் கேள்விப்பட்டு, உடனே கிளம்பி வா என்று எழுதுகிறார். மகளும் வருவதாகப் பதில் போடுகிறாள். விஷயம் அத்தோடு தீர்ந்தது.

ரிச்சர்ட்சன் மனதில் தீரவில்லை. அந்த வேலையை ஒதுக்கிவைத்துவிட்டு 'பமீலா'வை எழுதி 1740இல் வெளியிட்டார். இங்கேயும் பெற்றோர் வந்துவிடு என்கிறார்கள். பதினைந்து வயதுப் பெண்ணோ, எஜமானனின் வெயிஸ்ட்கோட்டுக்குப் பூவேலை பாக்கியிருக்கிறது என்று தங்குகிறாள். (என்ன அவசரமான பூவேலையோ!) பிறகு அவளை ஊருக்கு அனுப்புவதாக ஏற்றிய வண்டி, லிங்கன்ஷையரில் அவனுடைய இன்னொரு மாளிகைக்குப் போகிறது. அங்கே சிறை, படுக்கையறையில் வன்முயற்சி, அவள் கடிதங்களைப் பறித்து வாசித்து அவன் மனம் உருகுதல், கடைசியில் கல்யாணம். நற்குணத்துக்குக் கிடைத்த பரிசு என்பது துணைத் தலைப்பு. பரிசு அவனேதான்! இளம் உள்ளங்களில் ஒழுக்கத்தை வளர்க்க எழுதியது என்று முகப்பிலேயே அறிவிப்பு வேறு. 'ஹாண்டிங் அடலைன்' தொடக்கத்திலேயே, உள்ளே என்னென்ன கொடுமை வருகிறது என்று எச்சரித்துவிடுகிறது. இந்த ஒரு விஷயத்தில் கார்ல்டன் மேல்.

1747-48இல் பகுதி பகுதியாக வந்த 'கிளாரிஸா'வில் ரிச்சர்ட்சன் வேறு வழியில் போனார். லவ்லேஸ் என்ற போக்கிரி நாயகிக்கு மயக்க மருந்து கொடுத்துக் கெடுக்கிறான். அதன்பின் அவன் மணக்கக் கேட்டும் மறுத்துச் சாகிறாள் கிளாரிஸா. கதை முடியுமுன்பே வாசகர்கள் அவளை அவனுக்குக் கட்டிவைக்கச் சொல்லிக் கெஞ்சினார்கள். சீமாட்டி ஒருவர் புனைபெயரில் கடிதம் எழுதி வாதாடினார். ரிச்சர்ட்சன் இணங்கவில்லை. அடுத்த பதிப்புகளில் லவ்லேஸை இன்னும் கறுப்பாக்கினார். அப்படியும் அவன்மீதிருந்த மயக்கம் தெளியவில்லை. திருந்திய போக்கிரி நல்ல புருஷனாவான் என்று 'பமீலா'வில் சொல்லிக்கொடுத்ததே அவர்தானே?

இந்த வகை நாவல்களைப் படிக்காதே என்று யாரிடமும் சொல்லமாட்டேன். ஒன்றை முடித்த கையோடு 'கிளாரிஸா'வையும் எடுத்துப் பாருங்கள். ஆங்கிலத்தின் மிக நீளமான நாவல்களில் ஒன்று, பொறுமை வேண்டும்.